பிறர் அழைக்கும்வரை

சிறு முதலீட்டில் எடுக்கப்படும் படங்களை நம்பி வாழும் நடிகைக்குத் திறமையைவிடப் பெரிய தேவை ஒன்று உண்டு: படம் உருவாகும் இடத்தில் ஒரு பிடி. ஜொகூர் மாநிலம் மூவாரில் பிறந்த இயக்குநர் யாஸ்மின் அகமதுவின் படங்களே இதற்குச் சான்று. ‘செபெட்’டில் சீனப் பையனைக் காதலித்த ஓர்கெட் என்ற மலாய்ப் பெண்ணாக ஷரிஃபா அமானி நடித்தார். ‘குப்ரா’வில் அதே ஓர்கெட் மணமானவளாக வந்தாள். ‘முவாலாஃப்’ படத்துக்காக அமானி தலையையே மழித்துக்கொண்டார். 2005இல் தோக்கியோ திரைப்பட விழாவில் ‘செபெட்’ சிறந்த ஆசியப் படமாகத் தேர்வானது. 2009இல் யாஸ்மின் காலமானதும் ஓர்கெட்டின் கதையும் நின்றுபோனது. அமானி தொடர்ந்து நடித்தார், குறும்படமும் இயக்கினார். ஆனால் ஒரே பாத்திரத்தோடு படத்துக்குப் படம் வளரும் அந்த அரிய வாய்ப்பு, ஒரு மனிதரின் ஆயுளோடு கட்டப்பட்டிருந்தது.

ஜப்பானின் கிகி சுகினோ வேறு வழியில் போனவர். கோஜி ஃபுகாதா இயக்கிய ‘ஹாஸ்பிட்டாலிட்டே’ படத்தில் (2010) நடித்ததோடு அதன் தயாரிப்பாளராகவும் இருந்தார். மலேசியர்களான லிம் கா வாய், எட்மண்ட் இயோ ஆகியோரின் படங்களிலும் நடித்தார். 2011இல் தோக்கியோ விழா அவருக்கெனத் தனிப் பிரிவே ஒதுக்கியது. 2016இல் ‘பனிப்பெண்’ கதையைத் தாமே இயக்கி நடித்தார். அழைப்பு வரும்வரை காத்திருக்க வேண்டிய கட்டாயம் அவருக்குக் குறைந்தது.

நடிகையின் வேலை நடிப்பு. கணக்கு வழக்கையும் அவர் தலையில் கட்டினால் கலை நீர்த்துப்போகாதா என்று கேட்கலாம். நியாயமான கவலைதான். அமானியின் ஓர்கெட்டும் இன்னொருவர் எழுதி இயக்கியதால் பிறந்தவள். எல்லாவற்றையும் தாமே செய்யும் நடிகைக்கு அப்படியோர் அந்நியக் கண் கிடைப்பது அரிது. ஆனாலும் சுகினோ பிறர் படங்களை விட்டுவிடவில்லை. எதில் நடிப்பது என்ற முடிவில் தமக்கும் பங்கு தேடிக்கொண்டார், அவ்வளவே. வாடகை வீட்டில் குடியிருப்பவர் ஆணி அடிக்கவும் அனுமதி கேட்க வேண்டும். ஓர் அறையாவது சொந்தமாக இருந்தால் அந்தத் தயக்கம் இல்லை. வசதி படைத்தவர்க்கே இது கைகூடும் என்பது அடுத்த மறுப்பு. நம் மலேசியத் தமிழ்த் திரையிலேயே பதில் இருக்கிறது: ஷாலினி பாலசுந்தரம் 2016இல் ‘கீதையின் ராதை’யை இயக்கி, அதில் நாயகியாகவும் நடித்தார். சிறிய சந்தையில் கதாநாயகி வேடங்களும் சொற்பம். அங்கேதான் இந்தத் துணிவு ஆடம்பரமாக இல்லாமல் அவசியமாகிறது. ஆகவே நடிப்புப் பயிற்சி கொடுக்கும் நம் அமைப்புகள் வசன உச்சரிப்போடு ஒப்பந்தம் வாசிக்கவும் வரவு செலவுத் திட்டம் போடவும் சொல்லித்தருவது நல்லது.