பல்லவி இல்லாத பாட்டு

ஆல்டர்நேட்டிவ் ராக் என்று வழங்கும் மேனாட்டு இசைவகையில் தலைசிறந்த பாட்டு எது என்ற விவாதம் எழும்போதெல்லாம், நிர்வாணா குழுவினரின் ‘ஸ்மெல்ஸ் லைக் டீன் ஸ்பிரிட்’ முதலில் வந்து நிற்பது வழக்கம். அதற்கு நியாயம் இல்லாமல் இல்லை. அந்தப் பாட்டைத் தாங்கி 1991 செப்டம்பரில் வெளிவந்த ‘நெவர்மைண்ட்’ இசைத்தொகுப்பு, அடுத்த ஜனவரியிலேயே மைக்கேல் ஜாக்சனின் ‘டேஞ்சரஸ்’ தொகுப்பை அமெரிக்க விற்பனைப் பட்டியலின் முதலிடத்திலிருந்து இறக்கியது. ஆயினும், என் அபிப்பிராயத்தில், முதல் ஆசனம் அதே 1991-ஆம் ஆண்டு பிப்ரவரியில் வந்த வேறொரு பாட்டுக்கே உரியது. ஆர்.ஈ.எம். குழுவினரின் ‘லூஸிங் மை ரிலிஜன்’தான் அது.

ஜார்ஜியா மாநிலத்தில், பல்கலைக்கழகத்தால் பேர்பெற்ற ஏதென்ஸ் நகரில், 1980-ஆம் ஆண்டு நான்கு இளைஞர்கள் சேர்ந்து தொடங்கிய குழு அது. பாடகர் மைக்கேல் ஸ்டைப்பும் கிட்டார் வாசிக்கும் பீட்டர் பக்கும் முதலில் அறிமுகமானது, பக் வேலை பார்த்த இசைத்தட்டுக் கடையில். அமெரிக்க எஃப்.எம். அலைவரிசையில் 88 முதல் 92 மெகாஹெர்ட்ஸ் வரையுள்ள பகுதி வணிக நோக்கமற்ற நிலையங்களுக்கென்று ஒதுக்கப்பட்டிருக்கிறது. அங்கே மாணவர்கள் தாங்களே நடத்திய கல்லூரி வானொலிகள்தாம், பெரிய நிலையங்கள் சீண்டாத இத்தகைய குழுக்களை ஆதரித்து வளர்த்தன. யாருடைய கட்டளைக்கும் உட்படாமல் பாடிப் பழகியவர்கள் என்பதாலேயே, பெரிய நிறுவனம் ஒன்றில் ஒப்பந்தமான பிறகும், சம்பிரதாயம் அனுமதிக்காத ஒரு பாட்டைத் துணிந்து முன்னிறுத்த அவர்களால் முடிந்தது.

பாட்டு பிறந்த விதமே சுவையானது. பக் புதிதாக ஒரு மாண்டலின் வாங்கி, தொலைக்காட்சியைப் பார்த்தபடியே அதை வாசிக்கப் பயின்று, அப்பயிற்சியைப் பதிவுசெய்தும் வைத்திருந்தார். மறுநாள் போட்டுக் கேட்டபோது, கற்றுக்குட்டியின் தடவல்களுக்கு நடுவே இந்தப் பாட்டின் மெட்டு கிடந்தது. மாண்டலின் ஸ்ரீநிவாஸ் மின்சார மாண்டலினில் கமகங்களைக் குழைத்து வாசித்ததைக் கேட்டுப் பழகிய நம் செவிக்கு இது முற்றிலும் வேறான நாதம். நான்கு ஜோடித் தந்திகள் கொண்ட சாதாரண மாண்டலினில் எழுந்த ஸ்வரம் நெடுநேரம் நில்லாது. மீட்டிய மாத்திரத்தில் அடங்கிவிடும். ஆகையால் கை ஓயாமல் மீட்டிக்கொண்டே இருக்கவேண்டும். அந்த ஓயாமையிலேயே ஒரு தவிப்பு இருக்கிறது. காதலைச் சொல்லிவிட்டோமோ, சொல்லாமல் விட்டோமோ என்று அலைபாயும் ஒருவனுடைய மனத்துக்கு இதைவிடப் பொருத்தமான வாத்தியத்தை எங்கே தேடுவது? அதன் கீழே மைக் மில்ஸின் பேஸ் கிட்டார் நிதானமாக நடக்கிறது. அட்லாண்டா கலைஞர்களின் வயலின் குழு, பின்னால் ஒதுங்கி நின்று, சோகத்தின் அளவை மட்டும் சற்றே உயர்த்துகிறது.

இத்தனையும் சேர்ந்த பிறகு எந்த ராக் பாட்டிலும் பல்லவி வெடிக்கவேண்டும். அடங்கிய குரலில் தொடங்கி இடியென எழும் உத்தியைப் பிக்ஸிஸ் குழுவிடமிருந்து எடுத்துக்கொண்டதாக நிர்வாணாவின் கர்ட் கோபேனே ஒப்புக்கொண்டிருக்கிறார். ரேடியோஹெட் குழுவின் ‘க்ரீப்’ பாட்டிலோ, பல்லவி வருமுன்பே ஜானி கிரீன்வுட்டின் கிட்டார் கரகரவென்று உறுமி நம்மைத் தூக்கிவாரிப்போடும். அவையும் உயர்ந்த பாட்டுகளே. ஆனால் ‘லூஸிங் மை ரிலிஜன்’ நாலரை நிமிஷம் ஓடியும் அப்படி வெடிப்பதே இல்லை. சொற்கள் திரும்பத் திரும்ப வருகின்றனவேயன்றி, கூட்டம் சேர்ந்து பாடுவதற்கான தனிப் பல்லவி என்று ஒன்று கிடையாது. நெஞ்சில் உள்ளதை வெளியிட முடியாதவனுடைய பாட்டில் பல்லவி வந்து பாரத்தை இறக்கிவைத்திருந்தால், அந்தப் பாட்டே பொய்யாகிப் போயிருக்கும். கருத்தும் உருவமும் இவ்வளவு ஒட்டி நின்ற இன்னொரு பாட்டை இந்த இசைவகையில் நான் கேட்டதில்லை.

விற்பனை விதிகளையெல்லாம் மீறிய அப்பாட்டு அமெரிக்கப் பட்டியலில் நான்காம் இடம்வரை ஏறியது. அக்குழுவின் வேறெந்தப் பாட்டும் அங்கே அந்த உயரத்தை எட்டவில்லை. அதன் காட்சிப்படத்தை இயக்கியவர் பஞ்சாபில் பிறந்த தர்சேம் சிங். புனித செபாஸ்தியாரும் இந்துத் தெய்வ வடிவங்களும் அதில் அடுத்தடுத்துத் தோன்றுவதை, படம் பார்க்க வாய்ப்புள்ளவர்கள் அவசியம் பார்க்கவேண்டும்.

2011-இல் குழு கலைந்தது. பதின்மூன்று ஆண்டுகள் கழித்து, 2024 ஜூனில், பாடலாசிரியர்களுக்கான கௌரவ மன்றத்தில் தங்களைச் சேர்த்துக்கொண்ட நியூயார்க் விழாவில், நால்வரும் மீண்டும் ஒரே மேடையில் நின்று ஒரே ஒரு பாட்டை இசைத்தார்கள். அவர்கள் தேர்ந்தெடுத்தது இதைத்தான்.