அதுக்கு முன்னாடி?

"உங்க கதையைச் சொல்லுங்க" என்று நான் யாரையும் கேட்பதில்லை. முட்டுக்காடு கழிமுகத்தில் தொடங்கி கோவளம், வடநெம்மேலி, மாமல்லபுரம் வரை கடலோரத்து முதியவர்களின் வாழ்க்கைக் கதைகளைப் பதிவுசெய்வது என் வேலை. அப்படி நேராகக் கேட்டால் இரண்டு பதில்களில் ஒன்றுதான் கிடைக்கும். "நம்ம கதையில இன்னா இருக்கு, சொல்றதுக்கு?" என்பது ஒன்று. சொல்லிச் சொல்லித் தேய்ந்து வழவழப்பாகிவிட்ட கதை மற்றொன்று.

இந்தக் கரையில் அந்த இரண்டாவது கதை பெரும்பாலும் 2004 டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை காலையில் தொடங்கும். சுனாமி அலை வடிந்த பிறகு அதிகாரிகள் வந்தார்கள், தொண்டு நிறுவனத்தார் வந்தார்கள், கேமராக்கள் வந்தன. எல்லோரும் கேட்டது ஒன்றைத்தான்: அலை வந்தபோது எங்கே இருந்தீர்கள், என்னவெல்லாம் போயிற்று? நிவாரணப் படிவத்துக்கு அந்தப் பதில் வேண்டியிருந்தது. முட்டுக்காட்டுக்குப் பக்கத்துக் கரிக்காட்டுக்குப்பத்து மக்கள் வீடுகளை மணலிலேயே விட்டுவிட்டு உள்பக்கமாகக் குடிபெயர்ந்தார்கள். அவர்கள் சொல்வதில் ஒரு சொல்லும் பொய்யில்லை. ஆனால் கதை அலையில் தொடங்கிவிட்டால், சொல்பவருக்கு அதில் கிடைக்கும் இடம் இழந்தவர் என்பது மட்டுமே. அதற்கு முன் கடலோடு வாழ்ந்த ஐம்பது வருஷமும் கணக்கில் வராமல் போய்விடும்.

அதனால் நான் நம்பியிருக்கும் கேள்வி மிகச் சிறியது: "அதுக்கு முன்னாடி?"

மீன் விற்ற ஒரு ஆயா. அலைக் கதையை அழகாக, ஏற்ற இறக்கத்தோடு சொல்லி முடித்தார். பலருக்குச் சொன்ன கதை என்பது கேட்கும்போதே தெரிந்தது. "ஆயா, அதுக்கு முன்னாடி?" என்றேன். "முன்னாடின்னா... மீன் வித்தேன், வேற இன்னா?" என்றார். கரையில் ஏலம் எப்படி எடுப்பீர்கள் என்று கேட்டேன். அவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். கட்டுமரம் எவ்வளவு அமிழ்ந்து வருகிறது என்பதை வைத்தே மீன்பாடு எப்படி என்று தூரத்திலிருந்து கணிப்பது, எந்தத் தெருவில் எந்த மீன் போகும், யாருக்குக் கடன் கொடுக்கலாம், யாருக்குக் கூடாது, காகிதமில்லாமல் வட்டியோடு கணக்கு வைப்பது என்று வரிசையாக வந்தது. "நான் ஒரு வெல சொல்லிட்டா அதுக்கு மேல எவளும் கேக்க மாட்டா, கண்ணு" என்றார்.

அடுத்த முறை போனபோது நான் கேட்காமலே, மாமியார் பின்னால் முதல்முறை கூடை தூக்கிப் போன நாளில் தொடங்கினார். அலை நடுவில் வந்தது. அதற்குப் பிறகு, இதுவரை சொல்லாத பகுதி ஒன்று வந்தது. சுனாமிக்குப் பின் ஜனங்கள் மீன் தின்னவே பயந்த நாட்களில், மறுபடியும் கூடையைத் தூக்கிக்கொண்டு தெருவுக்குள் போனவர்களில் அவரும் ஒருவர். நிகழ்ச்சிகள் அவையேதான். தொடக்கம் மாறியதும் இழந்தவர், கூடையை மீண்டும் தூக்கியவரானார். நான் எதையும் சொல்லிக்கொடுக்கவில்லை. கேட்கும் இடத்தைத் தள்ளிவைத்தேன், அவ்வளவுதான்.

முட்டுக்காட்டில் 1996-ல் திறக்கப்பட்ட தட்சிணசித்ராவுக்குப் போனவர்கள் பார்த்திருப்பார்கள்: தென்னாட்டின் பல ஊர்களில் இடிபட இருந்த பழைய வீடுகளைத் தூண் தூணாக, கதவு கதவாகப் பிரித்துக் கொண்டுவந்து அங்கே மறுபடி எழுப்பியிருக்கிறார்கள். மரம் பழையது, நிற்கும் நிலம் புதியது. வாழ்க்கைக் கதையும் ஒவ்வொரு முறை சொல்லும்போதும் அப்படித்தான் எழும்புகிறது. எந்தத் தூணை வாசலில் நிறுத்துவது என்பது சொல்பவர் கையில் இருக்கிறது. யாருக்காகச் சொல்கிறார் என்பதும் அதில் சேர்ந்திருக்கிறது.

உளவியலில் இதை ஆயுள் முழுக்க ஆராய்ந்தவர் அமெரிக்காவின் நார்த்வெஸ்டர்ன் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த டான் மெக்ஆடம்ஸ். தான் யார் என்ற எண்ணத்தை மனிதர் ஒரு கதையாகவே கட்டி வைத்திருக்கிறார் என்பது அவர் முடிவு. துன்பத்தில் தொடங்கி நன்மையில் முடியும் கதைகளையும், நன்றாக இருந்தது பாழாகி முடியும் கதைகளையும் அவர் பிரித்துக் காட்டினார். உளவியலாளர் ஜொனாத்தன் ஆட்லர் 2012-ல் வெளியிட்ட ஆய்வு எனக்கு இன்னும் முக்கியமானது. மனநலச் சிகிச்சை பெற்ற 47 பேர் அமர்வுகளுக்கிடையே தங்களைப் பற்றி எழுதியவற்றை அவர் தொடர்ந்து படித்தார். தன் வாழ்க்கையைத் தானே நடத்துகிறவராகத் தன்னைச் சொல்வது முதலில் வந்தது. மனநலம் தேறியது அதன் பின்னால் வந்தது. கரையோரத்தில் உட்கார்ந்து நான் உணர்ந்துகொண்டிருந்த ஒன்றுக்கு அங்கே ஆதாரம் கிடைத்தது.

ஆனாலும் அந்த முறைகளை அப்படியே இங்கே கொண்டுவர முடியாது. வாழ்க்கையைப் புத்தகம்போல அத்தியாயங்களாகப் பிரித்துச் சொல்லச் சொல்வது மெக்ஆடம்ஸின் வழக்கம். நம் ஆட்கள் அத்தியாயமாக வாழ்வதில்லை. எம்ஜிஆர் செத்த வருஷம், சுனாமிக்கு முந்தி, பெருவெள்ளத்து மாசம், வர்தா புயல் அடிச்ச அன்னிக்கு என்றுதான் காலம் ஓடுகிறது. அதனால் நான் வருஷம் கேட்பதில்லை. அப்போது வீட்டில் யார் யார் இருந்தார்கள் என்று கேட்பேன். 'நான்' என்ற சொல்லும் தனியாக வருவது அபூர்வம். நாத்தனாரோடும் எல்லையம்மனோடும் கன்றுக்குட்டியோடும் சேர்ந்துதான் வரும். புதுச்சேரிக்கு அருகே ஒரு சிற்றூரில் வாழ்ந்த தலித் விவசாயக் கூலிப் பெண் வீரம்மா, ஆய்வாளர் ஜோசியான் ராசினிடம் பல ஆண்டுகளாகச் சொன்ன வாழ்க்கை 1995-ல் பிரெஞ்சு மொழியில் புத்தகமாயிற்று. பாட்டும் சாமியும் உறவும் பின்னிப் பிணைந்த அந்தச் சொல்முறையை நேர்கோட்டில் இழுத்திருந்தால் வீரம்மாவே காணாமல் போயிருப்பார்.

ஒரு சமூகமே தன் கதையின் திசையை மாற்றிக்கொண்டதை இந்தக் கரை பார்த்திருக்கிறது. இங்குள்ள பழங்குடியினரான இருளர்கள் பாம்பு பிடித்துத் தோலை விற்றுப் பிழைத்தார்கள். 1972-ன் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டமும் தொடர்ந்து வந்த தோல் ஏற்றுமதித் தடையும் அந்தப் பிழைப்பை நிறுத்தின. 1978-ல் பாம்பு ஆய்வாளர் ரோமுலஸ் விட்டேக்கரின் துணையோடு இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் பிறந்தது. நாகம், கட்டுவிரியன், கண்ணாடிவிரியன், சுருட்டைவிரியன் ஆகியவற்றைப் பிடித்து, மண்பானைகளில் சில வாரம் வைத்து, விஷம் எடுத்துவிட்டு மறுபடி காட்டிலேயே விடுகிறார்கள். அந்த விஷத்திலிருந்துதான் பாம்புக்கடிக்கு மருந்து தயாராகிறது. 2017-ல் இருளர்களான வடிவேல் கோபாலும் மாசி சடையனும் அமெரிக்காவின் புளோரிடாவுக்குப் போய், முதல் இரண்டு வாரங்களுக்குள்ளேயே 13 மலைப்பாம்புகளைப் பிடித்தார்கள். 2023-ல் இருவருக்கும் பத்மஸ்ரீ கிடைத்தது.

இதை "சட்டம் வந்து எங்க பொழப்பு போச்சு" என்று சொல்லலாம், அது உண்மை. "எங்க கைவித்தை உசுரக் காப்பாத்துது" என்றும் சொல்லலாம், அதுவும் உண்மை. இருளர் முதியவர்களிடம் இரண்டையும் கேட்டிருக்கிறேன், சில சமயம் ஒரே வாயிலிருந்து. இரண்டில் நல்லதைப் பொறுக்கி எடுப்பது என் வேலையில்லை. விருதின் வெளிச்சத்தில் முதல் கதையை மறந்துவிட்டால், நிலமும் சாதிச் சான்றிதழும் கேட்டு அலைந்த குடும்பங்களின் நியாயம் அமுங்கிப்போகும். முதல் கதையை மட்டும் வைத்துக்கொண்டால், கழிமுகத்தில் பறிக்கூடையை வாயில் கவ்விக்கொண்டு இரு கையாலும் சேற்றைத் துழாவி இறால் பிடிக்கும் பெண்ணின் அறிவு வெறும் வறுமையாகிவிடும்.

தன் கதைக்குத் தானே வாசல் வைத்த ஒருவரும் இந்தப் பக்கத்தில் உண்டு. மாமல்லபுரத்திலிருந்து செங்கல்பட்டு போகும் சாலையில் திருக்கழுக்குன்றம் இருக்கிறது. உலகப்போர்ச் சமயத்தில் சென்னையை விட்டு அங்கே போய்த் தங்கிய தமிழறிஞர் உ.வே.சாமிநாதையர் 1942 ஏப்ரல் 28 அன்று காலமானார். 1940 முதல் ஆனந்த விகடனில் அவர் எழுதிவந்த 'என் சரித்திரம்' முடியாமல் நின்றது. என் தொழிலில் இருப்பவர்கள் திரும்பத் திரும்பப் படிக்க வேண்டிய நூல் அது. 85 வயதை நெருங்கும்போது தன் வாழ்க்கையைச் சொல்லத் தொடங்கியவர், 1880 அக்டோபரில் கும்பகோணத்தில் சேலம் இராமசுவாமி முதலியாரைச் சந்தித்த நாளைத் திருப்புமுனையாக வைக்கிறார். அந்தாதி, பிள்ளைத்தமிழ், கோவை என்று தான் கற்றதையெல்லாம் அவர் அடுக்க, முதலியார் அசையாமல் பழைய நூல்களைப் பற்றிக் கேட்கிறார். பிறகு சீவக சிந்தாமணி கைக்கு வருகிறது, 1887-ல் அச்சாகிறது.

அந்த நாளை அந்த நாளிலேயே திருப்புமுனை என்று யாரும் அறிந்திருக்க முடியாது. சிந்தாமணி அச்சேறிய பிறகுதான் அந்தச் சந்திப்பு அந்த இடத்துக்கு உயர்ந்தது. எனக்கு இதில் இன்னொன்றும் பெரிதாகத் தெரிகிறது. தான் கற்றது போதாது என்று உணர்ந்த தருணத்தை அவர் வாழ்க்கையின் வாசலாக்கினார். மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையின் மாணவராகவே கடைசிவரை தன்னைச் சொல்லிக்கொண்டார். அந்தத் தன்மைதான் முதுமையிலும் அவரை ஏட்டின் முன் உட்கார வைத்தது என்று நம்புகிறேன்.

இவற்றிலிருந்து நான் கைக்கொண்ட வழக்கங்கள் சில உண்டு. வேலை நடக்கும் இடத்தில்தான் பேசுவேன். வலை பொத்தும் கை நிற்காமல் ஓடும்போது வாயும் நிற்காது. "ரொம்பக் கஷ்டமா இருந்திருக்கும்ல?" என்று கேட்க மாட்டேன், அந்தச் சொல்லை நான் கொடுத்தால் அவர் அதையே திருப்பிக் கொடுப்பார். மருமகள் பக்கத்தில் இருக்கும்போது ஒரு கதை, இல்லாதபோது வேறு கதை. இரண்டையும் பொறுமையாகக் கேட்பேன். ஒருமுறை கேட்டதோடு எதையும் முடிப்பதில்லை. பதிவை எழுதிய பின் அவருக்கே உரக்கப் படித்துக்காட்டுவேன். "இத எடுத்துடு" என்றால் எடுத்துவிடுவேன். "இன்னொண்ணு விட்டுட்டேன்" என்று அவர் சேர்ப்பதுதான் பெரும்பாலும் அந்தப் பதிவின் உயிராக இருக்கும்.

எல்லாத் துயரத்துக்கும் அர்த்தம் கண்டுபிடிக்க நான் முயல்வதில்லை. பிள்ளையை அலைக்குக் கொடுத்த தாயிடம் "அதுக்கப்புறம் என்ன கத்துக்கிட்டீங்க?" என்று கேட்பது கொடுமை. சில இழப்புகள் எதிலும் போய் முடிவதில்லை. அவற்றை அப்படியே வைத்திருக்கும் உரிமை அவருக்கு உண்டு. அவரிடம் நான் பிள்ளை என்ன விளையாட்டு விளையாடும், எதைக் கேட்டு அடம்பிடிக்கும் என்று கேட்பேன். அப்போது அந்தப் பிள்ளைக்கும் ஒரு வாழ்க்கை இருந்தது தெரியவரும்.

இப்போது இளையவர்களிடமும் போகிறேன். கோவளத்தில் மீனவக் குடும்பத்துப் பையன்கள் அலைச்சறுக்கு கற்றுக்கொடுக்கிறார்கள். "அப்பா தொழில் வேற, என் தொழில் வேற" என்பார் ஒருவர். வாடை வீசினால் அலை எப்படி உடையும், கொண்டலுக்கு எப்படி மாறும் என்பதை யாரிடம் கற்றார் என்று கேட்டால், அப்பா பேச்சுக்குள் வந்துவிடுவார். வெட்டிக்கொண்டு வந்ததாக நினைத்த இடத்தில் தொடர்ச்சி இருப்பதை அவரே கண்டுபிடிக்கிறார்.

மனிதர் தன் கதையைத் தனியாக எழுதுவதில்லை; கேட்பவர் கேள்வியும் அதில் ஒரு வரியாக நுழைந்துவிடுகிறது. மருத்துவர், ஆசிரியர், அதிகாரி, நிருபர், பேரப்பிள்ளை எல்லோருக்கும் இந்தப் பொறுப்பு உண்டு. ஒருவரின் மிக மோசமான நாளிலிருந்தே எப்போதும் பேச்சைத் தொடங்கினால், அந்த நாளுக்குள்ளேயே அவரை அடைத்துவிடுகிறோம். உங்கள் வீட்டுப் பெரியவர் வழக்கமான கதையைத் தொடங்கும்போது முழுதாகக் கேளுங்கள். முடிந்ததும் அதற்கு முன்னாடி என்ன நடந்தது என்று கேளுங்கள். அடுத்த வாரம் வந்து மறுபடியும் கேளுங்கள்.