பிள்ளை சுமக்கும் தந்தை

அம்பத்தூரில் வசிக்கும் நமக்குச் சமுத்திரம் வெகு தூரமில்லை. ரயிலேறிச் சென்டிரலில் இறங்கினால் சிறிது நேரத்தில் மெரீனாவில் நிற்கலாம். ஆயினும் அலைகளுக்கு அப்பால் நடக்கும் குடும்ப விவகாரங்களை நம்மில் எத்தனை பேர் அறிவோம்?

நம் ராமநாதபுரத்துக் கடலில், பாக் ஜலசந்தியிலும் மன்னார் வளைகுடாவிலும், கடற்புற்களைப் பற்றிக்கொண்டு கடற்குதிரைகள் வாழ்கின்றன. தலை குதிரையைப் போல, வால் குரங்கைப் போல, ஜாதியோ மீன்! இந்த விசித்திரப் பிராணியில் கர்ப்பம் தரிப்பது ஆண்தான். பெண், தன் முட்டைகளை ஆணின் வயிற்றுப் பையில் இட்டுவிட்டு விலகிவிடும். அங்கேதான் அவை கருவுறுகின்றன. பையின் உட்சுவரில் படர்ந்துள்ள ரத்தக் குழாய்கள் கருவுக்குப் பிராணவாயு அளிக்கின்றன. சில வாரங்களுக்குப் பின், தந்தை உடலை வளைத்து வளைத்துக் குஞ்சுகளை வெளியே தள்ளுகிறது. ஒரே பிரசவத்தில் நூற்றுக்கணக்கான பிள்ளைகள்! அவற்றில் பெரிதாகி வளர்பவை மிகச் சிலவே.

இதை நாம் வகுப்பில் சொன்னபோது, "அப்படியானால் அதுதானே ஸார் அம்மா?" என்று கேட்டாள் ஒரு மாணவி. நல்ல கேள்வி. முட்டையைத் தருவது தாய். விந்தைத் தருவது தந்தை. சுமப்பதும் போஷிப்பதும் தாய்க்கே உரியவை என்று இயற்கை எங்கும் விதித்துவிடவில்லை. இதைக் கேட்டுப் பெண்கள் பக்கம் ஒரே ஆரவாரம். பையன்கள் பக்கம் பெருத்த மௌனம்!

இத்தகைய தந்தைக்கும் மனிதனால் ஆபத்து வந்திருக்கிறது. இழுவைமடியில் மற்ற மீன்களோடு சிக்குபவை ஏராளம். உலர்த்திய கடற்குதிரைக்குச் சீன வைத்தியத்தில் கிராக்கி உண்டு. மன்னார் வளைகுடாத் தீவுகள் 1986-ம் வருஷம் தேசியப் பூங்காவாயின. 2001-ம் வருஷம் வனஜீவிப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ்க் கடற்குதிரையைப் பிடிப்பதும் விற்பதும் தடை செய்யப்பட்டன. ஆனாலும் கள்ளக் கடத்தல் ஓயவில்லை. வயிறு பருத்த ஓர் ஆண் வலையில் மாண்டால், அதனுடன் பிறவாத பிள்ளைகள் அத்தனையும் மாள்கின்றன.

ஆகையால் யாரேனும் உலர்ந்த கடற்குதிரையை அலங்காரப் பொருளென்றோ மருந்தென்றோ நீட்டினால், நேயர்கள் வாங்காதிருக்க வேண்டும். ஏன் வாங்கவில்லை என்பதை உடன் வந்த குழந்தைகளுக்கும் சொல்லிவைப்பது நல்லது.