தரவைப்பூ

மார்கழி மழை ஓய்ந்து களப்பு கரைமுட்ட நிற்கிற நாட்களில்தான் கொக்கிளாய்த் தரவை முழுப் பச்சையாகும். கடற்கரை மணலில் இராவணன் மீசையும் அடம்பன் கொடியும். அதற்கு இப்பால் காரையும் சூரையும் ஈச்சம் பற்றைகளும். அவற்றைத் தாண்டினால் மணலும் சேறும் கலந்த புல்வெளி. கால் வைத்த இடமெல்லாம் தண்ணீர் கசியும். விடிந்ததிலிருந்து பொழுதுபடும்வரை அம்மம்மாவின் மாடுகள் அங்கேதான் நிற்கும். பள்ளிக்கூடம் விட்டதும் நானும் அங்கே போய்விடுவேன்.

களப்பில் பறவைகளுக்குக் குறைவில்லை. 1951இலேயே அதைப் பறவைகள் சரணாலயமாக அறிவித்துவிட்டார்கள். வெளியூரிலிருந்து வருகிறவர்கள் நாரையையும் கூழைக்கடாவையும் தேடி அண்ணாந்தபடியே நடப்பார்கள். தரவைப்பூவைக் காண நிலத்தில் குந்தவேண்டும்.

தைப்பொங்கலை ஒட்டித்தான் அது கண்ணுக்குப் படும். ஒரு சாணுக்கும் குறைவான தண்டு. புல்லைப் போல ஒடுங்கிய இலைகள் காம்பில்லாமல் தண்டையே சுற்றிப் பிடித்திருக்கும். அவை முழுப் பச்சையும் அல்ல, பழுப்பும் செம்மையும் ஓடிய ஒரு நிறம். காய்ந்த புல்லாக்கும் என்று கண் கடந்து போய்விடும். உச்சியில் மட்டும் வெள்ளைப் பூக்கள், அரிசி மணி அளவில், ஒன்றை ஒன்று நெருக்கிக்கொண்டு கீழிருந்து மேலாக விரியும். நான் ஈரப் புல்லில் குப்புறப் படுத்து, நகநுனியால் ஒரு பூவின் வாயை மெல்ல விலக்குவேன். உள்ளே மஞ்சள் உதடு. அவ்வளவு சின்ன இடத்தில் அத்தனை துலக்கமான மஞ்சள் எப்படி வந்தது என்று அப்போதும் வியந்தேன், இப்போதும் வியக்கிறேன்.

“பிடுங்காதை பிள்ளை,” என்பா அம்மம்மா. “வாற வருசம் அதிலயே நிக்குமெண்டும் நினையாதை. அது இடம் மாறும்.”

அவ சொன்னது அப்படியே சரி. பின்னாளில் படித்தபோது, அது நிலத்தில் முளைக்கும் ஓர் ஓர்க்கிட் என்று தெரிந்துகொண்டேன். தாவரவியலில் சூக்ஸைன் ஸ்ட்ராட்டியூமாட்டிக்கா. பூத்துக் காய்த்ததும் அந்தச் செடி பட்டுப்போகும். விதையோ வெறும் தூசி. முளைப்பதற்கான உணவைக்கூட அது தன்னோடு கொண்டுபோவதில்லை. மண்ணில் உரிய பூஞ்சணம் வாய்த்த இடத்தில்தான் முளைக்கும். ஆனால் காய் பிடிக்க வண்டுக்கோ தேனீக்கோ காத்திருக்காது. அதனால்தான் அது இவ்வளவு தூரம் போயிருக்கிறது. 1936இல் அமெரிக்காவின் புளோரிடாவில் கண்டார்கள். சீனாவிலிருந்து போன புல்விதையோடு கலந்து வந்திருக்கும் என்று கருதுகிறார்கள்.

இதன் பெயருக்கு எங்கள் தீவோடு உறவு உண்டு. டச்சுக் கிழக்கிந்தியக் கம்பனியின் வைத்தியராக 1672இல் இலங்கைக்கு வந்த போல் ஹெர்மன், இங்கே செடிகளைச் சேகரித்து உலர்த்தி வைத்தார். அந்தத் தொகுப்பு கைமாறி தாவரவியலாளர் லின்னேயஸிடம் போய்ச் சேர்ந்தது. அதைக் கொண்டே அவர் 1747இல் இலங்கைத் தாவரங்களுக்கென ஒரு நூல் செய்தார். 1753இல் இந்தப் பூவுக்கும் பெயரிட்டு, இலங்கையில் வளர்வது என்று குறித்தார். அதை வாசித்த இரவில் எனக்கு அம்மம்மாவின் குரல்தான் கேட்டது.

1984 மார்கழியில் ஊரைவிட்டு எழும்பச் சொன்னார்கள். அந்த மாரியின் பூவை நான் காணவில்லை. செம்மலை, அளம்பில், முள்ளியவளை என்று சனம் சிதறியது. மாடுகள் என்ன ஆயின என்று அம்மம்மா சாகும்வரை கேட்டுக்கொண்டிருந்தா.

போர் முடிந்து ஊருக்குத் திரும்பியபோது தரவையில் பாதி பற்றையாகிவிட்டிருந்தது. மாடு மேய்ந்து புல் கட்டையாக நின்றால்தான் இந்தச் சின்னச் செடிக்கு வெயில் கிடைக்கும். மேய்ச்சல் நின்ற நிலத்தில் ஈச்சையும் சூரையும் மூடிக்கொள்ளும். தெற்கே புல்மோட்டையில் நெடுங்காலமாக இல்மனைற் மணல் அள்ளுகிறார்கள். அதே மணல் எங்கள் கரையிலும் கிடக்கிறது. இந்த வெளியைச் சும்மா கிடக்கிற தரிசு என்று சொல்கிறவர்களோடு எனக்கு ஒருநாளும் ஒத்துப்போகாது. மாரியில் ஒருமுறை வந்து குந்திப் பார்த்துவிட்டுச் சொல்லட்டும்.

பூவைத் திரும்பக் கண்டது தரவையில் அல்ல, றோட்டோரம் ஒரு மதகடியில். மாடு கடித்த கட்டைப் புல்லுக்குள் கூட்டமாக நின்றது. பக்கத்துக் காணிக்காரரைக் கூட்டிவந்து காட்டினேன். அவர் குனிந்து நெடுநேரம் பார்த்தார். “மாட்டை நல்லா விடுங்கோ அண்ணை,” என்றேன், “உழவு மெசினை மட்டும் இதில இறக்காதேங்கோ.”