தனிவட்டிக் கணக்கு

பிள்ளைகளே, உங்களைப் பாடாய்ப் படுத்திய தனிவட்டிக் கணக்கு இப்போது என் தம்பி வீட்டுக்கே வந்துவிட்டது.

அவன் ஒரு கடைக்குக் கொடுத்த சரக்குக்குப் பாக்கி 2,70,000 ரூபாய். சாதாரண சிவில் கோர்ட்டில் வழக்குப் போடலாம் என்றிருந்தான். "வழக்குப் போடும் நாள் வரைக்கும் வட்டியையும் சேர்க்கணும் டீச்சர்" என்றார் வக்கீல். பில்லில் எழுதிய 12 சதவீதம், ஒரு வருடம். மனக்கணக்காகவே சொன்னேன்: 32,400. மொத்தம் 3,02,400.

வியாபாரத் தகராறு 3 லட்சத்தைத் தொட்டால் வணிக நீதிமன்றம்தானாம். 2018-க்கு முன் அந்த வரம்பு 1 கோடி! அவசர உத்தரவு ஏதும் கேட்காவிட்டால், வழக்குக்கு முன் சமரசப் பேச்சும் கட்டாயம்.

"வட்டியை விட்டுட்டா அலைச்சல் குறையுமாக்கா?" என்றான் தம்பி.

"உன் காசுடா, எதுக்கு விடணும்?" என்றேன்.

நேற்று சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் சமரசத்துக்கு மனு கொடுத்துவிட்டோம். கடைக்காரருக்கு இனிமேல்தான் நோட்டீஸ் போகும்.