ஊதினால் சரியாகிவிடுமா?

கேம் பாய் என்ற கையடக்க விளையாட்டுக் கருவி ஒன்றையும் அதற்கான கேசட் ஒன்றையும் முப்பது வயது தாண்டிய யார் கையில் கொடுத்தாலும் முதலில் ஒரு காரியம் நடக்கும். கேசட்டைத் தலைகீழாகத் திருப்புவார், அதன் வாயை உதட்டருகே கொண்டுபோவார், 'ப்பூ' என்று ஊதுவார். உள்ளே தூசி இருக்கிறதா என்று பார்த்துவிட்டு ஊதியவரை நான் கண்டதில்லை. நம் ஊரில் இந்தப் பழக்கம் தொண்ணூறுகளின் 'டிவி கேம்' காலத்தில் ஒட்டிக்கொண்டது. நிண்டெண்டோ கருவியைப் பார்த்துச் செய்த நகல் கருவிகள், மஞ்சளிலும் சிவப்பிலும் கேசட்டுகள், படம் வராவிட்டால் ஓர் ஊது.

ஊதியதும் படம் வந்தது உண்மைதான். ஆனால் படம் வரவழைத்தது மூச்சுக்காற்று இல்லை. 1985இல் அமெரிக்காவில் வந்த நிண்டெண்டோவின் என்இஎஸ் கருவியில் கேசட்டை முன்பக்கமாகத் தள்ளி, கீழே அழுத்த வேண்டும். உள்ளே இருக்கும் 72 பின்கள் நாளாக ஆகத் தளர்ந்து, சரியாகப் பிடிக்காமல் போகும். வெளியே எடுத்துத் திரும்பச் செருகும்போது பின்கள் புது இடத்தில் உரசி, தொடர்பு கிடைத்துவிடும். வேலை செய்தது மறுசெருகல். பெயர் வாங்கியது ஊது. ஊதியதில் மிஞ்சியது எச்சில் ஈரம் மட்டுமே. கடற்காற்று வீசும் சென்னையில் பின்களுக்கு அந்த ஈரமும் சேர்ந்தால், முலாம் தேய்ந்த இடங்களில் பச்சை பிடிக்க வெகுநாள் ஆகாது.

கையடக்கக் கருவியில் செருகுவது இன்னும் எளிது. குன்பெய் யோகோயும் சடோரு ஒகாடாவும் இருந்த குழு உருவாக்கிய கேம் பாய் 1989 ஏப்ரலில் ஜப்பானில் வெளிவந்தது. முதுகுப்புறம் மேலே வாய். கேசட்டின் படம் வெளியே தெரியும்படி பிடித்து, நேராகக் கீழே இறக்கி, உட்காரும்வரை அழுத்தினால் போதும். இருப்பது 32 பின்கள். பக்கவாட்டில் ஆட்டி ஆட்டி இறக்குவதும், பிடுங்கும்போது ஒரு மூலையை மட்டும் நெம்புவதும்தான் அவற்றைக் கெடுக்கும்.

பழைய சாம்பல் நிறக் கேசட்டின் மேல் மூலையில் சிறிய வெட்டு ஒன்று இருக்கும். அழகுக்கு வைத்தது என்று பல வருஷம் நினைத்திருந்தேன். கேம் பாயின் சுவிட்சைத் தள்ளினால் ஒரு பிளாஸ்டிக் நாக்கு நகர்ந்து அந்த வெட்டுக்குள் தாழ்ப்பாள் போட்டுக்கொள்ளும். அணைக்கும்வரை கேசட்டை உருவ முடியாது. காரணம் இருக்கிறது. ஆட்டம் முழுவதையும் தனக்குள் நகலெடுத்து வைத்துக்கொள்ளும் அளவுக்கு அந்தக் கருவியில் இடம் கிடையாது. ஒவ்வொரு கணமும் கேசட்டிலிருந்தே படித்துப் படித்துத்தான் ஓடுகிறது. நடுவில் உருவினால் ஆட்டம் நின்றுவிடும். ஆடியவரை சேமிக்கும் 'சேவ்' நடக்கும் நேரமாக இருந்தால் அந்தச் சேவும் கெடும். 1998இல் வந்த கேம் பாய் கலருக்காக மட்டும் செய்த கேசட்டுகளில் இந்த வெட்டு இல்லை. அதைப் பழைய கருவியில் போட்டால் நாக்கு நகர இடமின்றி சுவிட்சே தள்ளாது. தவறான கேசட்டைத் தடுக்க, மூலை பிளாஸ்டிக்கை வெட்டாமல் விட்டதே போதுமானதாக இருந்தது. கலர் கருவியிலோ இந்தத் தாழ்ப்பாள் கிடையாது. அணைத்துவிட்டு எடுக்கும் பொறுப்பு நம் கைக்கு வந்துவிட்டது.

பின்கள் சுத்தமாக இருக்கின்றனவா என்பதைக் கேம் பாயே சொல்லிவிடும். போட்டவுடன் நிண்டெண்டோ என்ற எழுத்து மேலிருந்து இறங்கி வருமே, அது கருவிக்குள்ளிருந்து வரவில்லை, கேசட்டிலிருந்து படிக்கப்படுகிறது. படித்ததைத் தன்னிடம் உள்ள பிரதியோடு கருவி ஒப்பிட்டுப் பார்க்கும். ஒத்துப்போனால்தான் ஆட்டத்துக்கு வழிவிடும். உரிமம் இல்லாதவர்கள் கேசட் செய்தால், நிண்டெண்டோவின் வணிகச் சின்னத்தையும் திருடியே ஆகவேண்டும் என்பதற்கான ஏற்பாடு இது. நமக்கு இதுவே இலவசப் பரிசோதனை. எழுத்து சிதைந்து வந்தால் சில பின்கள் தொடவில்லை. எழுத்துக்குப் பதில் கறுப்புக் கட்டி இறங்கினால் கேசட் இருப்பதே கருவிக்குத் தெரியவில்லை. அணைத்து, எடுத்து, மறுபடி நேராகச் செருகுங்கள். பெரும்பாலும் அத்தோடு தீர்ந்துவிடும்.

தீராவிட்டால்தான் சுத்தம் செய்யும் பேச்சு. ஐசோபுரொப்பைல் ஆல்கஹால், செல்போன் பழுதுபார்ப்பவர்கள் 'ஐபிஏ' என்பார்களே, அதில் பஞ்சுக்குச்சியை லேசாக நனைத்துப் பின்களின் நீளவாக்கில் துடைக்க வேண்டும். பஞ்சு கறுப்பதைப் பார்க்க வியப்பாக இருக்கும். பிறகு நன்றாக உலரவிட வேண்டும். ஆல்கஹால், தின்னர், பென்சீன் எதையும் போடாதே என்று என்இஎஸ் கேசட்டுகளின் முதுகில் நிண்டெண்டோவே அச்சடித்திருந்தது. பிளாஸ்டிக்கையும் லேபிளையும் காப்பாற்றச் சொன்னதாகவே அதை எடுத்துக்கொள்கிறேன். பின்களைத் தவிர வேறெங்கும் சொட்டு படாமல் பார்த்துக்கொண்டால் போதும். பள்ளிக்கூட ரப்பரால் தேய்த்துப் பளபளக்கச் செய்பவர்களும் உண்டு. பளபளப்பது நிஜம். ஆனால் பின்மேல் இருப்பது மெல்லிய தங்க முலாம்; ஒவ்வொரு தேய்ப்பிலும் அதில் கொஞ்சம் போகிறது.

விரலால் பின்னைத் தொடாமலிருப்பது இன்னும் நல்லது. கேசட் மாற்றி விளையாடும் முதல் கையடக்கக் கருவியான மைக்ரோவிஷனை 1979இல் மில்டன் பிராட்லி நிறுவனம் வெளியிட்டது. வடிவமைத்தவர் ஜே ஸ்மித். அதில் செயலியையே கேசட்டுக்குள் வைத்திருந்தார்கள். உடம்பில் ஏறிய நிலைமின்சாரம் விரல் வழியாகப் பாய்ந்தால் கேசட்டின் மூளையே போய்விடும். கேம் பாய் செயலியைக் கருவிக்குள் வைத்துக்கொண்டதால் கேசட்டுக்கு அந்த ஆபத்து வெகுவாகக் குறைந்தது.

இதுவரை சொன்னதையெல்லாம் கூட்டிப் பார்த்தால் ஒன்று புரியும். கேசட் பராமரிப்பு என்பது பெரும்பாலும் சும்மா இருப்பதுதான். ஊதாதே, தேய்க்காதே, தொடாதே, ஓடும்போது உருவாதே. வெயிலும் ஈரமும் படாத ஒரு டப்பாவில் போட்டு மூடிவைத்தால் அது தன்னைத் தானே பார்த்துக்கொள்ளும். ஆனால் ஓரிடத்தில் மட்டும் சும்மா இருக்கக் கூடாது. அதை எனக்குக் கற்பித்தது ஒரு போக்கிமான் கோல்ட் கேசட்.

என்னிடம் உள்ள கேசட்டுகளில் பாதி, சிங்கப்பூரில் இருந்த மாமா அங்கே பழைய ஆட்டம் விற்கும் கடைகளில் பொறுக்கிக்கொண்டு வந்தவை. இந்தக் கோல்டைப் போட்டதும் வேறொரு பிள்ளையின் ஆட்டம் உள்ளே இருந்தது. ஒரே ஒரு சேவுக்குத்தான் அதில் இடம். "அழிச்சிட்டுப் புதுசா ஆடட்டுமா மாமா?" என்றேன். "ஆடுடா. ஆனா அவன் எதுவரைக்கும் போயிருக்கான்னு மொதல்ல பாரு" என்றார். பார்த்தேன். ஆட்டத்தில் வரும் ஜோட்டோ பகுதியின் எட்டுப் பதக்கங்கள், கான்டோவின் எட்டு, பதினாறும் வாங்கியிருந்தான். முகம் தெரியாத ஒருவனின் பள்ளி விடுமுறை முழுவதும் அதற்குள் இருந்தது. அழிக்காமல் வைத்துவிட்டு, ஆடுவதற்கு வேறொரு கேசட் வாங்கித் தரச் சொன்னேன். சில ஆண்டுகள் கழித்து எடுத்துப் போட்டால் 'புது ஆட்டம்' என்ற வரி மட்டுமே திரையில் நின்றது. நான் அழிக்காததைப் பேட்டரி அழித்திருந்தது.

அந்தக் காலக் கேசட்டின் சேவ் உயிரோடிருப்பது, உள்ளே பற்றவைத்த நாணய அளவு பேட்டரியின் தயவில். டெட்ரிஸில் பேட்டரியே இல்லை. அணைத்தால் எடுத்த புள்ளியும் போகும், எனவே இழப்பதற்கும் ஒன்றுமில்லை. 1996இல் தொடங்கிய போக்கிமான் வரிசையின் ரெட், புளூ கேசட்டுகளில் சிஆர்1616 வகை பேட்டரி. 1999இன் கோல்ட், சில்வரில் அதைவிடப் பெரிய சிஆர்2025. ஆனால் இரவுபகலைக் கணக்கிடும் கடிகாரம் ஒன்றையும் அதுவே ஓட்ட வேண்டியிருப்பதால், பெரியதாக இருந்தும் சீக்கிரம் தீர்கிறது. 2002இல் வந்த ரூபி, சஃபையரில் சேவ் வேறு வகை நினைவகத்துக்குப் போய்விட்டது. பேட்டரி தீர்ந்தால் கடிகாரம் மட்டுமே நிற்கும்.

மாற்றுவது பெரிய வித்தையில்லை. கேம் பாய் கேசட்டைத் திறக்க 3.8 மி.மீ. கேம்பிட் திருப்புளி வேண்டும். சாதாரணத் திருப்புளி அந்தத் திருகில் உட்காராது. கணினியில் செருகும் ரீடர் கொண்டு முதலில் சேவை நகலெடுத்துக்கொள்ள வேண்டும், ஏனென்றால் பேட்டரியைக் கழற்றிய கணத்தில் அது போய்விடும். பிறகு தகடு ஒட்டிய புதுப் பேட்டரியைப் பற்றவைக்க வேண்டும். சால்டரிங் பழக்கம் இல்லாதவர்கள் சென்னை ரிச்சி தெருவில் கை தேர்ந்த ஒருவரிடம் கொடுப்பது நல்லது. செல்லோடேப் போட்டு ஒட்டுவது மட்டும் வேண்டாம். கேசட்டை ஒருமுறை தட்டினால் தொடர்பு விட்டுப்போகும்.

நிண்டெண்டோவின் இன்றைய ஸ்விட்ச் கருவியில் இந்தக் கவலைகள் இல்லை. நகத்தளவுக்குச் சற்றே பெரிய அட்டை. படம் திரை இருக்கும் பக்கம் பார்க்க, 'கிளிக்' கேட்கும்வரை தள்ள வேண்டும். மறுபடி அழுத்தினால் தானே வெளியே வரும். சேவ் கருவிக்குள் போய்விடுகிறது. சின்னப் பிள்ளைகள் விழுங்கிவிடாமலிருக்க அட்டைமேல் டினட்டோனியம் பென்சோயேட் என்னும் கடுங்கசப்பைப் பூசியிருக்கிறார்கள். கசக்கும் என்று சொன்ன பிறகு நக்கிப் பார்க்காத பிள்ளை உண்டா? என் மகள் பார்த்தாள், ஒரே ஒருமுறை.

2025இல் வந்த ஸ்விட்ச் 2இல் இன்னொரு வகையும் சேர்ந்திருக்கிறது. கேம்-கீ கார்டு என்கிறார்கள். அட்டைக்குள் ஆட்டம் இல்லை, சாவி மட்டுமே. ஆட்டத்தை இணையத்திலிருந்து இறக்கிக்கொள்ள வேண்டும். அதை எவ்வளவு பத்திரமாக வைத்தாலும் அதன் ஆயுள் நம் கையில் இல்லை. எங்கோ ஒரு நிறுவனம் சர்வரை எத்தனை நாள் ஓட்டுகிறதோ அத்தனை நாள். பழைய கேசட்டுக்கு ஒரு பேட்டரி மாற்றினால் போதும். இரண்டில் எது மேல் என்று கேட்டால், யோசிக்காமல் பழையதையே சொல்வேன்.

வீட்டுப் பரணில் கேம் பாய் கிடந்தால் முதலில் அதன் பென்சில் பேட்டரிகளைக் கழற்றுங்கள், கசிந்து பச்சை பூத்திருக்கலாம். அடுத்துக் கேசட்டில் சேவ் மிச்சமிருந்தால் நகலெடுத்து வையுங்கள். இந்த வாரமே செய்யுங்கள். கால் நூற்றாண்டு தாண்டிய பேட்டரி இன்னொரு கோடையைத் தாங்கும் என்று யாரும் உத்தரவாதம் தர முடியாது.