படச்சுருளைத் தேடி

ஆவணப்படங்களுக்குப் பழங்காட்சிகளைத் தேடித் தருவது என் தொழில். இயக்குநர் ஒற்றை வரியில் கேட்கும் காட்சிக்காகக் காப்பகப் பட்டியல்களைப் பல நாள் புரட்டுவேன். காட்சி கிடைத்ததும் பணி முடிந்துவிடுவதில்லை. பெட்டியின்மேல் எழுதப்பட்ட ஆண்டு பிழையாக இருக்கலாம். ஆகவே கடைப்பலகை, ஊர்தி, உடை ஆகியவற்றைக் கொண்டு காலத்தை உறுதிசெய்ய வேண்டும். உரிமையாளரைக் கண்டறிந்து இசைவும் பெற வேண்டும்.

இத்தொழிலில் என் முன்னோடியாக நான் கருதுபவர் ஏ.கே. செட்டியார். காந்தியடிகளைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும் எண்ணம், 1937 அக்டோபர் 2 அன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குச் சென்ற கப்பலில் அவருக்குத் தோன்றியது. 30 ஆண்டுகளில் ஏறத்தாழ 100 ஒளிப்பதிவாளர்கள் எடுத்த காட்சிகள் பல நாடுகளில் சிதறிக் கிடந்தன. அவற்றைத் தேடி அவர் சென்ற தொலைவு ஏறக்குறைய ஒரு லட்சம் மைல். திரட்டிய 50,000 அடிச் சுருளை 12,000 அடியாகத் தொகுத்து, 1940இல் திரையிட்டார்.

தேடுவார் இல்லாதவை அழிந்துபோகின்றன. 1931இல் வெளியான முதல் தமிழ்ப் பேசும்படமாகிய 'காளிதாஸ்' இன்று நாம் பார்க்கக் கிடைக்கவில்லை. அக்காலத்து நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பற்றும். வெப்பத்திலும் ஈரத்திலும் சிதைந்து பொடியாகும். எஞ்சியவற்றிலும் குறிப்பில்லாத காட்சி ஊமையே. முகம் தெரியும், பெயர் தெரியாது.

உங்கள் வீட்டுப் பரணில் பழைய சுருளோ ஒளிநாடாவோ இருப்பின், அதில் உள்ளவர் யார், எவ்வூர், எந்த ஆண்டு என்பதை மூத்தோரிடம் கேட்டு எழுதி வையுங்கள். நாளை தேடி வருவோருக்கு அவ்வொரு வரியே வழிகாட்டும்.